நம் கிணற்றில் யாரும் மூழ்கவில்லை

மெரிதா
9 அக்டோபர் 2018

சின்னண்ணாவுக்கு,

இதை டிரைவர் டோன் ஃபெர்மினிடம் கொடுத்தனுப்புகிறேன். செவ்வாய்க்கிழமைகளில் உங்கள் சுற்றுலாக் கம்பெனி வேனை எடுத்துக்கொண்டு அவர் இங்கே விமான நிலையத்துக்கு வருவது எனக்குத் தெரியும். போனில் பேசலாமே என்று நீ கேட்பாய். போனில் என்னைச் சிரிக்க வைத்துவிடுவாய். பிறகு எதற்குக் கூப்பிட்டேன் என்பது எனக்கே மறந்துவிடும். இரண்டு வருடங்களாக உன் அழைப்புகளை எடுக்காததற்கு அதுவும் ஒரு காரணம்.

நூலகத்தில் என்னோடு வேலை செய்யும் ஆடி அம்மாள், சிகாகோவிலிருந்து வந்த தன் அக்கா மகனைக் கூட்டிக்கொண்டு போன வாரம் ஒருநாள் சுற்றுலா போனார். காலையில் ஏக் பலாம் இடிபாடுகள், மத்தியானம் செனோத்தே என்கிற பாறைக் கிணற்றில் குளியல், பிறகு சாப்பாடு. திங்கட்கிழமை வந்து உட்கார்ந்ததும் ஆரம்பித்தார்.

"லாண்டி, அந்த கைடு சொன்ன கதையக் கேட்டதுலேருந்து எனக்குத் தூக்கமே இல்ல. இங்கிலீஷ்லதான் சொன்னான், எங்க பையன் எனக்கு ஸ்பானிஷ்ல சொன்னான். அவனோட அண்ணன் பத்தொம்பது வயசுல அந்தத் தண்ணியில குதிச்சவன் மேல வரவே இல்லயாம். பெத்தவ அங்கயே கூரைக்குக் கீழ உக்காந்து ரொட்டி தட்டிட்டு இருக்கா. பிள்ளைய முழுங்குன தண்ணிக்குப் பத்தடி தள்ளி. எப்படித்தான் மனசு வருதோ."

கைடின் பெயர் என்ன என்று கேட்டேன். வில்பெர்த் என்றார். நான் அப்போது புதிதாக வந்த புத்தகங்களுக்கு முத்திரை குத்திக்கொண்டிருந்தேன். இன்னும் கொஞ்சம் மிச்சமிருந்தது. குத்தி முடித்தேன்.

நம் கிணற்றில் யாரும் மூழ்கவில்லை. பெரியண்ணன் காஸ்பர் 2009 மார்ச்சில் வடக்கே போனான். எல்லையைத் தாண்டினான். சான் ஃபிரான்சிஸ்கோவில் ஒரு ஓட்டலில் பாத்திரம் கழுவினான். 2011 ஆகஸ்டுக்குப் பிறகு அவனிடமிருந்து போன் இல்லை. நமக்குத் தெரிந்தது இவ்வளவுதான். இதற்கு மேல் ஒரு வார்த்தை சேர்த்தாலும் அது நாமாகச் சேர்த்தது.

இன்னும் மூன்று வாரத்தில் இறந்தவர்களுக்குப் படைக்கும் நாள் வருகிறது. படையலை வைத்துவிட்டு அம்மா ஒவ்வொருவராகப் பெயர் சொல்லிக் கூப்பிடுவாள். பெயர் சொன்னால்தான் அவர்கள் வழி தெரிந்து வருவார்கள். ஊரிலிருந்தவரை ஒவ்வொரு வருடமும் நான் அந்தப் பெயர்களை மூச்சை அடக்கிக்கொண்டு கேட்டிருக்கிறேன். அப்பா பெயர் வரும், மாமாக்கள் பெயர் வரும், பிறந்த அன்றே போன நம் தங்கையின் பெயர் வரும். காஸ்பர் என்று அவள் சொன்னதே இல்லை. சொல்லாதவரை அவளுக்கு அவன் உயிரோடு இருக்கிறான்.

உன் கதை அவள் காதுக்குப் போவதற்குள் நிறுத்து. வேறொன்றும் உன்னிடம் கேட்கவில்லை.

லாண்டி


15 அக்டோபர்

லாண்டி,

கவரைக் கொடுக்கும்போதே ஃபெர்மின் சொன்னார்: "தங்கச்சி லெட்டர்டா. கனமா இருக்கு. திட்டாத்தான் இருக்கும்." அவருக்கு மூன்று தங்கைகள், எடை தெரிந்த மனிதர்.

எப்படி ஆரம்பித்தது என்று சொல்கிறேன். முழுதும் படித்துவிட்டுக் கோபப்படு.

நாலு வருடத்துக்கு முன்னால் டெக்சாஸிலிருந்து ஒருவர் வந்தார். நல்ல பருமன். நடுத்தண்ணீரில் போய் லைஃப் ஜாக்கெட்டைக் கழற்றி, கரையில் இருந்த பேரனிடம் எறிந்தார். அவரை மேலே கொண்டுவர நானும் இன்னும் இரண்டு பேரும் பட்ட பாடு அந்தக் கிணற்றுக்குத்தான் தெரியும். ஜாக்கெட்டைக் கழற்றாதீர்கள் என்று மூன்று மொழியில் பலகை வைத்திருக்கிறோம். பலகையை யாரும் படிப்பதில்லை. நூலகத்தில் இருக்கிறவளுக்கு இதை நம்பக் கஷ்டமாக இருக்கும். மறுநாள் வந்த கூட்டத்தில் ஒருத்தி வாரை அவிழ்க்கப் போனாள். என் வாயில் தானாக வந்தது: "என் அண்ணன் இங்கேதான் மூழ்கினான்." பன்னிரண்டு பேரும் ஒரே நேரத்தில் வாரை இறுக்கினார்கள். அன்றிலிருந்து இன்றுவரை ஒருவரையும் நான் தண்ணீருக்குள்ளிருந்து இழுக்க வேண்டி வந்ததில்லை.

பிறகு யாரோ, உன் அம்மா எப்படித் தாங்கிக்கொண்டார் என்று கேட்டார்கள். நான் தலையை மட்டும் அடுப்புப் பக்கம் திருப்பினேன். அது தப்புத்தான். ஒருமுறை செய்ததை மறுநாளும் செய்ய வேண்டியதாகிவிட்டது. போன வருடம் வந்தவர்களின் மச்சான், சித்தப்பா எல்லாம் வருகிறார்கள், கதை மாறினால் கேட்பார்கள்.

இன்னொன்று. ஏக் பலாமில் படி ஏறும்போது தினமும் யாராவது கேட்பார்கள், கூடப்பிறந்தவர்கள் உண்டா என்று. முதலில் உண்மையைத்தான் சொல்லிப் பார்த்தேன். அண்ணன் உங்கள் நாட்டுக்குப் போனான், தகவல் இல்லை என்றால் அவர்கள் முகம் மூடிக்கொள்கிறது. நான் அவர்கள் மேல் ஏதோ குற்றம் சொன்னதைப் போல. செத்துவிட்டான் என்று சொல்லிப் பார், தோளில் கை வைக்கிறார்கள்.

அம்மாவுக்கு ஒன்றும் தெரியாது. நம் பாஷையும் கொஞ்சம் சந்தை ஸ்பானிஷும் தவிர அவளுக்கு என்ன தெரியும்? அவள் எதிரில் நான் எதை வேண்டுமானாலும் சொல்லலாம். இதை எழுதிப் பார்க்கும்போது நன்றாக இல்லை. இருக்கட்டும்.

போனவனைப் பற்றி இவ்வளவு எழுதியிருக்கிறாய். மெரிதா இரண்டரை மணி நேரம்தான், லாண்டி. போன கிறிஸ்துமஸுக்கும் நீ வரவில்லை. அம்மா உன் தட்டையும் எடுத்து வைத்தாள்.

யோசிக்கிறேன்.

வில்பெர்த்


மெரிதா
23 அக்டோபர்

சின்னண்ணாவுக்கு,

யோசிக்கிறேன் என்று எழுதுகிறவன் யோசிப்பதில்லை. நாளைக்கும் பத்து மணிக்கு வேன் கிளம்பும், நாளைக்கும் நீ சொல்வாய்.

நான் ஏன் வருவதில்லை என்று உனக்குத் தெரியும். இரண்டு வருடத்துக்கு முன்னால், சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது, காஸ்பருக்கும் இறந்தவர்களுக்கான ஒன்பது நாள் ஜெபத்தை வைத்துவிடலாம் என்று நீ அம்மாவிடம் சொன்னாய். மழைக்குக் கூரை மாற்றிவிடலாம் என்பது போலச் சொன்னாய். அம்மா உனக்கு இன்னும் கொஞ்சம் அவரைக் குழம்பு ஊற்றினாள். நான் எழுந்து பஸ்ஸுக்குப் போனேன். இப்போது புரிகிறது. அந்த ஜெபத்தை நீ வேறு இடத்தில் வேறு மொழியில் அதற்கு முன்பே நடத்திக்கொண்டிருந்தாய்.

ஒன்றை நேராகக் கேட்கிறேன். அவன் செத்துவிட்டான் என்று நீ நம்புகிறாயா? நம்பினால் அதை அம்மாவின் முகத்துக்கு நேரே சொல். நம்பவில்லை என்றால் ஊரார் முன்னால் சொல்லாதே. இரண்டுக்கும் நடுவில் ஓர் இடம் இருக்கிறது, அங்கே நீ வசதியாக உட்கார்ந்திருக்கிறாய்.

லைஃப் ஜாக்கெட்டுக்கு வேறு கதை சொல்லு. கிணற்றில் முதலை இருக்கிறது என்று சொல்லு.

லாண்டி


2 நவம்பர்

லாண்டி,

ஃபெர்மின் இன்று மெரிதாவுக்கு வர வேண்டியதில்லை. இந்தக் கடிதத்துக்காக வருகிறார். அவருக்குக் காபி கொடு.

நேற்று இரண்டு வேன் நிறையக் கூட்டம். இந்த நாள்களில் படையல் மேசை பார்க்க வேண்டும் என்று எல்லாருக்கும் ஆசை. சாப்பாட்டுக் கூடத்தில் ஒன்று வைக்கச் சொல்லி ஊர்ச் சங்கத்தில் முடிவு. அம்மாதான் வைத்தாள்: ஆரஞ்சு, சாக்லேட் தண்ணீர், அப்பாவின் படம். ஒஹையோவிலிருந்து ஒரு டீச்சர் வந்திருந்தாள். கிணற்றுப் படியில் நான் சொல்வதைச் சொல்லி முடித்ததும் பக்கத்தில் வந்து, உன் அண்ணன் பெயர் என்ன என்று கேட்டாள். நாலு வருடத்தில் யாரும் பெயர் கேட்டதில்லை. அவர்களுக்கு 'என் அண்ணன்' போதுமாக இருந்தது. நான் எந்தப் பெயரையாவது சொல்லியிருக்கலாம். நாக்கில் ஒன்றுதான் இருந்தது.

அவள் குளிக்கவே இல்லை. ஓட்டல் பெயர் போட்ட தாளில் பெரிய எழுத்தில் GASPAR என்று எழுதினாள். பையிலிருந்து மெழுகுவர்த்தி எடுத்தாள். மேசையில் அப்பாவின் படத்துக்குப் பக்கத்தில் வைத்து ஏற்றினாள். நல்ல பெண். கண்ணை மூடி நின்றாள். நான் அப்போது ஒரு பாட்டிக்குச் செருப்பு மாட்டிவிட்டுக்கொண்டிருந்தேன். பார்க்கவில்லை.

அம்மா தண்ணீர்க் குடத்தோடு வந்தாள். அவளுக்குப் படிக்கத் தெரியாது என்று நாம் சொல்வோமே. நாலு சொல் தெரியும்: அவள் பெயர், நம் மூவர் பெயர். நம் பிறப்புச் சான்றிதழ் வாங்கப் போனபோது கற்றுக்கொண்டது.

தாளை எடுத்தாள். மடித்தாள். இடுப்பில் செருகினாள். மெழுகுவர்த்தியை அணைக்கவில்லை.

"இத யாரு வெச்சது?"

"விருந்தாளிம்மா. தெரியாம வெச்சுட்டாங்க."

"பேரு எப்படித் தெரிஞ்சுது?"

வேனுக்கு நேரமாகிவிட்டது என்றேன்.

சாயங்காலம் வீட்டில் படைத்தோம். குழியில் சுட்ட கோழியைப் பிரித்து வைத்தாள், எல்லாம் சரியாக வைத்தாள், நின்றாள். ஒரு பெயரும் சொல்லவில்லை. அப்பா பெயரைக்கூட. சித்தி ஃபிடேலியா பொறுக்கமாட்டாமல் கேட்டுவிட்டாள்.

"என்னக்கா இது? பேரு சொல்லாம வெச்சா யாரு வந்து சாப்பிடுவா?"

"பசிக்கிறவங்க வரட்டும்" என்றாள்.

எனக்குப் புரிந்தது. வரிசையாகச் சொல்ல ஆரம்பித்தால் கடைசியில் ஒரு பெயரைச் சொல்வதா விடுவதா என்று வரும். அதனால் ஆரம்பிக்கவே இல்லை. அப்பா இந்த வருடம் பட்டினி, லாண்டி. என்னால்.

எட்டாம் நாள் மறுபடைப்பு இருக்கிறது. எட்டாம் தேதி. அன்றைக்கும் இப்படியே நிற்பாளா, அல்லது அந்தப் பெயரையும் சேர்த்துச் சொல்லிவிடுவாளா? நேற்றிலிருந்து அவள் என்னிடம் பேசவில்லை. நீ வா.

வில்பெர்த்


மெரிதா
6 நவம்பர்

சின்னண்ணாவுக்கு,

ஃபெர்மினுக்குக் காபி கொடுத்தேன். அவர் சொன்னார்: "நானும் அந்தக் கதைய நாலு வருஷமா கேக்குறேன்மா. வேன் ஓட்டறவன் எதுக்கு வாயத் தொறக்கணும்னு இருந்துட்டேன்." அவர் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. காரணம் கீழே.

நான் வரவில்லை. நான் வந்தால் நீ என் பின்னால் நின்றுகொள்வாய், பேசுகிறவள் நானாகிவிடுவேன். எட்டாம் தேதிக்கு முன்னால் நீ சொல்ல வேண்டும். அவளுக்குத் தெரிந்த மொழியில். ஆங்கிலத்தில் என்னென்ன சொன்னாயோ அத்தனையும், வார்த்தைக்கு வார்த்தை. சுருக்காதே, நியாயம் சேர்க்காதே, டெக்சாஸ்காரரில் ஆரம்பிக்காதே. அவள் அந்தப் பெயரைக் கூப்பிட்டுவிட்டால் திரும்ப வாங்க முடியாது.

இனி என் பங்கு. நானும் ஒன்றை வாயைத் திறக்காமல் வைத்திருக்கிறேன். 2012 முதல் ஒவ்வொரு வருடமும் சான் ஃபிரான்சிஸ்கோவில் இருக்கும் நம் நாட்டுத் துணைத் தூதரகத்துக்குக் கடிதம் எழுதுகிறேன். ஒரே ஒருமுறை பதில் வந்தது. 'இப்பெயரில் பதிவு எதுவும் இல்லை' என்று. அதை இங்கே ஒரு அகராதிக்குள் வைத்திருக்கிறேன். அம்மாவிடம் காட்டினால் அதைச் சாவுச் செய்தியாக எடுத்துக்கொள்வாள் என்று பயந்தேன். நீ இல்லாத சாவைச் சொன்னாய். நான் 'பதிவு இல்லை' என்ற செய்தியைச் சொல்லாமல் இருந்தேன். பெரிய வித்தியாசம் இருப்பதாக இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

இதையும் அவளிடம் சொல்லிவிடு. நான் சொன்னதாகவே சொல்.

லாண்டி


12 நவம்பர்

லாண்டி,

சொன்னேன். ஏழாம் தேதி காலையில், வேன் வருவதற்கு முன்னால், அடுப்படியில். நீ சொன்னபடி வார்த்தைக்கு வார்த்தை. ஆங்கிலத்தில் ஓட்டமாக வரும் கதை நம் பாஷையில் ஒவ்வொரு அடியிலும் தடுக்கிறது. 'மூழ்கினான்' என்று சொல்ல மூன்று முறை வாய் திறக்க வேண்டியிருந்தது.

அம்மா மாவைத் தட்டிக்கொண்டே கேட்டாள். நிறுத்தவில்லை. முடித்ததும் கேட்டாள்:

"அதான் என்னப் பாத்து மூக்க உறிஞ்சுனாங்களா?"

"ஆமாம்மா."

"மிளகா பொகைன்னு நெனச்சேன். பாவம் கண்ணு எரியுதேன்னுதான அடுப்ப அந்தப் பக்கம் தள்ளி வெக்கச் சொன்னேன்."

போன வருடம் அடுப்பை நகர்த்தியது நான்தான். எதற்கு என்று கேட்கவில்லை.

அம்மா அடிப்பாள் என்று நினைத்தேன். அழுவாள் என்று நினைத்தேன். அவள் கேட்டது வேறு.

"வர்றவங்கள்ல அவன் இருக்கற நாட்டுக்காரங்க எத்தன பேரு?"

"முக்காவாசி."

"சான் ஃபிரான்சிஸ்கோலேருந்து?"

"வருவாங்க. வாரத்துக்கு ரெண்டு மூணு குடும்பம்."

"என் கையால ரொட்டி தின்னுருக்காங்க."

"ஆமா."

"அவங்க எல்லாருகிட்டயும் அவன் செத்துட்டான்னு சொல்லிருக்க. அப்பறம் அவன யாருடா தேடுவா?"

லாண்டி, நாலு வருடமாக நான் எதையெதையோ யோசித்திருக்கிறேன். இதை யோசித்ததில்லை. ஒருத்தனைத் தெரிந்திருக்கக்கூடியவர்கள் அவனுடைய வீட்டு வாசலுக்கே தினமும் வேனில் வந்து இறங்கியிருக்கிறார்கள். நான் ஒவ்வொரு வேனாக நிறுத்தி, தேட வேண்டாம் என்று சொல்லி அனுப்பியிருக்கிறேன்.

உன் தூதரகக் கடிதத்தைப் பற்றியும் சொன்னேன். "பதிவுல இல்லன்னா? நம்ம கோழிகூடத்தான் எந்தப் பதிவுலயும் இல்ல. முட்டை போடலயா?" என்றாள். உன் மேல் கோபம் இருக்கிறது, ஆனால் அது வேறு கோபம். "அவ ஆறு வருஷமா தேடிருக்கா, என்கிட்ட ஒரு வார்த்த சொல்லிருந்தா கூட உக்காந்துருப்பேன்ல" என்றாள். நான் அடிவாங்கியது போலவும் நீ பாதி தப்பித்தது போலவும் இருக்கிறது. எப்போதும் இப்படித்தான்.

எட்டாம் தேதி மறுபடைப்பில் பெயர்கள் சொன்னாள். அப்பாவை இரண்டு முறை கூப்பிட்டாள், போன வாரப் பட்டினிக்காக. மாமாக்கள், தங்கை, எல்லாரும். கடைசிப் பெயருக்குப் பிறகு அவள் நின்ற நேரத்தில் நான் மூச்சு விடவில்லை. நீ சொன்னாயே, அப்படி. அவள் குனிந்து தட்டை நகர்த்திவிட்டு, "அவ்வளவுதான்" என்றாள்.

மறுநாள் காலையில் எனக்கு ஒரு வேலை கொடுத்திருக்கிறாள். வேனில் வருகிறவர்களிடம் இனி அவனைத் தேடச் சொல்ல வேண்டும். அவனுடைய அடையாளம் எல்லாம் உனக்கு எது ஞாபகம் இருக்கிறதோ எழுதி அனுப்பு. எனக்கு அவன் முகம் சரியாக வரவில்லை. கதையில் வந்த பையனின் முகம்தான் வருகிறது.

வில்பெர்த்


மெரிதா
20 நவம்பர்

சின்னண்ணாவுக்கு,

தூதரகத்துக்கு அனுப்பிய பட்டியலிலிருந்து எடுத்து எழுதுகிறேன்.

காஸ்பர் தூஸ் கானுல். பிறந்தது 1990 ஜனவரி 6. உயரம் என் கணக்கில் ஒரு மீட்டர் அறுபத்திரண்டு, அம்மாவிடம் கேட்டுக்கொள். இடது முன்கையில் வெந்நீர் பட்ட தழும்பு, இலை மாதிரி. சிரித்தால் வாயைக் கையால் மூடுவான். விசில் அடிக்க வராது. யாராவது பெயர் கேட்டால் இரண்டு குடும்பப் பெயரையும் சேர்த்துச் சொல்வான், போலீஸ்காரன் கேட்டது போல. கடைசியாக இருந்தது மிஷன் தெருப் பக்கம், ஓட்டல் பெயர் தெரியாது. ஆங்கிலம் வராது. ஸ்பானிஷும் கொஞ்சம் தயங்கித்தான் வரும். அதனால் யாராவது நம் பாஷையில் 'எங்கே போகிறாய்' என்று கேட்டால் திரும்பிப் பார்ப்பான். அந்த ஒரு வாக்கியத்தை வருகிறவர்களுக்குச் சொல்லிக்கொடு. ஆயிரம் வருடத்துக்கு முந்தைய கல்வெட்டு மன்னர்களின் பெயர்களையே சொல்லிக்கொடுக்கிறாய், இதைச் சொல்லிக்கொடுக்க முடியாதா?

பத்தொன்பது வயதில் நம்மிடமிருந்து போனவனை எழுதியிருக்கிறேன். இப்போது அவனுக்கு இருபத்தெட்டு. அவன் பருத்திருக்கலாம். விசில் கற்றிருக்கலாம். நம்மை விட்டுவிட வேண்டும் என்று அவனே முடிவு செய்திருக்கவும் கூடும். அதையும் நினைத்துப் பார்த்துவிட்டேன். அப்படியிருந்தாலும் அது அவன் சொல்ல வேண்டியது.

டிசம்பர் பன்னிரண்டு விடுமுறையில் வருகிறேன். அம்மாவோடு உட்கார.

லாண்டி


4 டிசம்பர்

லாண்டி,

உயரம் ஒரு மீட்டர் ஐம்பத்தெட்டு. அம்மா கதவு நிலையில் கை வைத்துக் காட்டினாள். "அவளுக்கு அண்ணன்னா எப்பவும் ஒசரம்தான்" என்றாள்.

நேற்று முதல் முறையாகச் சொன்னேன். மூன்று வாரத்துக்கு மேல் இழுத்தடித்தேன் என்பதையும் எழுதிவிடுகிறேன். கம்பெனியில் கேட்க வேண்டும் என்றேன், கூட்டம் சரியில்லை என்றேன். நேற்று அம்மா அடுப்பைப் பற்றவைக்காமல் உட்கார்ந்துவிட்டாள். "நீ சொல்லு, நான் பத்தவெக்கிறேன்."

பதினோரு பேர். குளித்துவிட்டு ஈரத்தோடு பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள். லைஃப் ஜாக்கெட்டுக்கு இப்போது வேறு வழி வைத்திருக்கிறேன்: ஜாக்கெட் இல்லாதவருக்குச் சாப்பாடு இல்லை. அது கதையைவிட நன்றாக வேலை செய்கிறது. நாலு வருடத்துக்கு முன்னாலேயே தோன்றியிருக்கலாம்.

எழுந்து நின்று ஆங்கிலத்தில் சொன்னேன். என் அண்ணன் உங்கள் நாட்டில் இருக்கிறான், ஏழு வருடமாகத் தகவல் இல்லை என்று. நான் சொன்னேனே, அதே மாதிரி முகங்கள் மூடிக்கொண்டன. ஒருவர் தண்ணீர் பாட்டிலைத் திறந்து மூடிக்கொண்டிருந்தார். நான் வேகமாக முடிக்கப் பார்த்தேன். அப்போது அம்மா எழுந்து என் பக்கத்தில் வந்து நின்றாள். கையெல்லாம் மாவு. அவளுக்குத் தெரிந்த ஸ்பானிஷில், சந்தையில் விலை சொல்கிற குரலில் சொன்னாள்:

"காஸ்பர் தூஸ் கானுல். என் பிள்ள. ஓட்டல்ல தட்டு கழுவுறான். உயிரோட இருக்கான். பாத்தா, அம்மா சாப்பாட்டோட காத்திருக்கான்னு சொல்லுங்க."

நான் அதை மொழிபெயர்த்தேன். இத்தனை வருடத்தில் அவள் சொன்னதை நான் மொழிபெயர்த்தது அதுதான் முதல் தடவை. பிறகு நீ எழுதிய அடையாளங்களைச் சொன்னேன். 'எங்கே போகிறாய்' என்பதை நம் பாஷையில் மூன்று முறை சொல்லச் சொன்னேன். மோசமாகச் சொன்னார்கள். அம்மா ஒவ்வொருவருக்கும் திருத்தினாள்.

அழவில்லை யாரும். தோளில் கை வைக்கவில்லை. சீக்கிரம் சாப்பிட்டு எழுந்தார்கள். பதினோரு பேரில் நாலு பேர் பெயரை எழுதிக்கொண்டார்கள். அம்மா அதை எண்ணிக்கொண்டே இருந்திருக்கிறாள். வேன் போனதும், "நாலு" என்றாள், முதல் நாளே நாலு தேங்காய் விற்றுவிட்டவள் மாதிரி.

இனி அவளிடம் எதையும் மறைக்கக்கூடாது என்று எனக்கு நானே சொல்லியிருந்தேன். அதனால் சொன்னேன்.

"அம்மா, அந்த நாலு பேர்ல மூணு பேரு ஜெர்மனிக்காரங்க. அது வேற நாடு. அண்ணன் இருக்கற எடத்துலேருந்து கடல் தாண்டி இருக்கு."

அவள் அடுப்பிலிருந்த கரியைத் தட்டிவிட்டு என்னைப் பார்த்தாள்.

"ஏன்," என்றாள், "அங்க யாரும் தட்டுல சாப்பிடறதில்லையா?"

வில்பெர்த்